பற்றுச்சீட்டு

கட்டளை கிடைத்தது பங்குனி பதினாலு.
மொழிபெயர்க்க ஆள் தேவைப்படவில்லை,
நீதவான் தமிழில்தான் வாசித்தார்:
லாண்ட் மாஸ்டரை உரிமையாளரிடம் உடன் ஒப்படைக்குக.
அந்த 'உடன்' என்ற சொல்லை
முல்லைத்தீவிலிருந்து ஒட்டுசுட்டான் வரை
பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு வந்தேன்,
முட்டைத் தட்டைப்போல.

வன அலுவலகப் படலைக்கு உள்ளே நின்றது.
எனக்குத் தெரிந்த சிவப்பு.
டீசல் டாங்கியில்
மகன் ஆணியால் கீறின மீன்.

அதிகாரி பிரதியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்,
பின்பக்கத்தில் வேறு கட்டளை இருக்கும் என்பதுபோல.
பின்பக்கம் வெள்ளை.
"மேலிடத்திலயிருந்து கடிதம் வரவேணும்."
நீதிமன்றத்துக்கு மேல எந்த இடம், ஐயா?
அவர் மின்விசிறியைப் பார்த்தார்.

சித்திரையில் மேலதிகாரி லீவு.
முத்தையன்கட்டுத் தண்ணீர் திறந்தார்கள்;
என் வாய்க்காலுக்கும் வந்தது,
உழாத மண்ணில் ஏறி, ஒன்றும் கேட்காமல் வடிந்தது.
வைகாசியில் முத்திரை தெளிவில்லை என்றார்கள்.
புது முத்திரை குத்திக்கொண்டு போனேன்.
ஆனியில் புது அதிகாரி,
அதே பதில்.
பட்டுப்போன பாலை, என் காணியில் விழுந்த மரம்,
அதை ஏற்றினதுதான் குற்றம் என்றார்கள்.
குற்றமில்லை என்று தீர்த்தாயிற்று.
தீர்ந்தது எனக்கும் நீதவானுக்கும் மட்டும்.

சட்டத்தரணி அபிதாரணியின் அறை
மருந்துக்கடைக்கு மேலே.
மருந்து பில்லின் முதுகில் எழுதிக் காட்டினாள்:
"ஒண்டு, அதே மன்றில நகர்த்தல் பத்திரம்.
ஏன் செய்யேல்லை எண்டு வந்து சொல்லட்டும்.
ரெண்டு, வவுனியாவில எழுத்தாணை.
கடமையைச் செய் எண்டு மேல்நீதிமன்றம் சொல்லும்.
மூண்டு, அவமதிப்பு. அதுக்குக் கொழும்பு."
கொழும்பு என்றதும் பேனை நின்றது.
என் செருப்பைப் பார்த்தாள்.
"ஒண்டில தொடங்குவம், சுகிர்தமலர்.
மற்றது ரெண்டும் இருக்கெண்டு
அவைக்குத் தெரிஞ்சாப் போதும்."

சத்தியக் கடதாசிக்குச் சமாதான நீதவான் வேதநாயகம்.
சைக்கிள் கடை.
ரியூப் ஒட்டும் டப்பாவுக்குள் முத்திரை.
ஏழாம் பந்தியில், போன தடவைகளை எண்ணிய இடத்தில்,
அவருடைய பெருவிரல் கிறீஸ் பட்டுவிட்டது.
துடைக்கத் துடைக்கப் பரவியது.
அப்படியே வழக்கேட்டுக்குள் போயிற்று.

ஆடி ஒன்பது.
கூண்டில் அவர், மின்விசிறிக்குத் தூரத்தில்.
நீதவான் கட்டளையை மறுபடி வாசித்துவிட்டுக் கேட்டார்:
"இதில் எந்தச் சொல் உமக்கு விளங்கவில்லை?"
பின்வாங்கில் யாரோ இருமினார்கள்.
எனக்கு விடை தெரியும்.
பள்ளிக்கூடத்தில்போலக் கை உயர்த்த முடியாது.
"கௌரவ மன்றிடம் மன்னிப்புக் கேட்கிறேன்," என்றார்.
நான் நாலடி தள்ளி நின்றேன்.
என் பக்கம் திரும்பவில்லை.
மன்னிப்பு மன்றுக்கு, வண்டில் எனக்கு.
பங்கீடு சரிதான்.
இன்று நாலு மணிக்குள், என்றார் நீதவான்,
இல்லையேல் நாலு மணிக்குப் பிறகு நடப்பதை
இப்போதே சொல்லத் தேவையில்லை என்றார்.

மூன்றரைக்குப் படலை திறந்தது.
முசுமுசுக்கை கைபிடிவரை ஏறியிருந்தது.
மீன் துருவேறி
செதில் வைத்திருந்தது.
படிவம் நீட்டினார்கள், புள்ளிக்கோட்டில் விரல் வைத்து:
நல்ல நிலையில் பெற்றுக்கொண்டேன்.

'நல்ல' என்பதை வெட்டினேன்.

"வெட்டினால் படிவம் செல்லாது."
நீதவானிட்டச் சொல்லுங்கோ, என்றேன்.
சொன்ன என் குரல் எனக்கே புதிது.
எழுதத் தொடங்கினேன்:
ஸ்டார்ட் கம்பி இல்லை. பெல்ட் இல்லை.
டாங்கி மூடி இல்லை, உள்ளே மழைத்தண்ணீர்.
வலது டயர் வெடித்திருக்கிறது.
சிறுபோகம் மூன்று ஏக்கர்,
அது எந்த வரிசையில் வரும் என்று தெரியவில்லை,
டயருக்குக் கீழே எழுதினேன்.
இடம் முடிந்தது.
தாளைத் திருப்பினேன். பின்பக்கம் வெள்ளை.
அங்கேயும் எழுதினேன்.

இழுத்துப் போக வந்த உழவு இயந்திரத்துக்கு
வாடகை ஆயிரத்தைந்நூறு.
ஓட்டுநர் அவசரப்படுத்தினான்.
பொறு தம்பி, அதையும் எழுதிவிட்டு வாறன்.